மஞ்சவாடிக் கணவாய்க்கு அந்தப் பக்கம்

சேலத்தில் நின்று நேர் வடக்காக ஒரு கோடு இழுத்தால் அது லடாக்கில் போய் முட்டும். கிழக்குத் தீர்க்கரேகை 78 பாகைக்குச் சற்றுக் கிழக்கே சேலம். அதே 78 பாகைக்குச் சற்று மேற்கே லே. நடுவில் சுமார் 2,500 கிலோமீட்டர். வரைபடத்தில் விரலை ஓட்டிப் பார்க்கிறவர்களுக்கு இது ஒரு சின்ன சுவாரசியம், அவ்வளவுதான் என்று தோன்றலாம். ஆனால் இந்தக் கோட்டை ஒட்டி ஒரு காலத்தில் ஆட்கள் உண்மையாகவே அளந்துகொண்டு போயிருக்கிறார்கள். 1802 ஏப்ரலில் வில்லியம் லாம்ப்டன் சென்னைப் பரங்கிமலைக்குப் பக்கத்தில் ஆரம்பித்த நில அளவை அது. உயரமான இடங்களில் கொடிக்கம்பம் நட்டு, உச்சிக்கு உச்சி கோணம் பார்த்து, முக்கோணம் முக்கோணமாகத் தெற்கே குமரிப் பக்கம் வரை வந்தார்கள், பிறகு வடக்கே ஏறினார்கள். 1823இல் லாம்ப்டன் வழியிலேயே இறந்துபோனார். அவருக்குப் பின் வந்த ஜார்ஜ் எவரெஸ்ட் 1841இல் வேலையை இமயமலை அடிவாரத்தில் கொண்டுபோய் முடித்தார்.

அளந்தவர்களுக்கு மலை உச்சி என்பது கொடி நட வசதியான இடம். கீழே சரிவில் சாமை விதைத்துக்கொண்டிருப்பது யார் என்பது அந்தக் கணக்கில் வராது.

என் பெரியப்பா மிலிட்டரியில் இருந்தவர். லடாக்கிலும் இருந்தார், வடகிழக்கிலும் இருந்தார். ஓய்வு பெற்று அஸ்தம்பட்டியில் வீடு கட்டிக்கொண்ட பிறகும் சேலத்து வெயில் அவருக்கு ஒத்துவரவில்லை. சாக்குக் கிடைத்தால் ஏற்காட்டுக்கு ஏறிவிடுவார். ஒரு தடவை கொண்டை ஊசி வளைவு ஒன்றில் வண்டியை ஓரங்கட்டச் சொல்லிவிட்டு, விறகுச் சுமையோடு குறுக்குப் பாதையில் ஏறிப்போன ஒரு பாட்டியைப் பார்த்தபடி சொன்னார்: "அங்கயும் இதே நடைதான்டா. மேல இருக்கறவங்ககிட்ட நாம எப்பவும் ரெண்டே கேள்விதான் கேப்போம். இது எங்க போற வழி? இந்தப் பக்கம் யாரு போனா?"

ராணுவக்காரருக்கு அது வேலை சம்பந்தப்பட்ட விஷயம். எனக்கோ, எல்லைப்புற மலைகளைப் பற்றி எதைப் படித்தாலும் அந்த இரண்டு கேள்விகள்தான் முதலில் கண்ணில் படுகின்றன.

முதல் கேள்வி, வழி. இமயமலைக்கு அந்தப் பக்கம் வெள்ளைக்காரர்கள் போக முடியாத காலத்தில், நில அளவைத் துறை மலைக்காரர்களையே பிடித்தது. குமாவுன் மலையில் மிலம் என்ற கிராமத்துக்காரர் நயின் சிங் ராவத், பள்ளி ஆசிரியர். ஒவ்வோர் அடியும் ஒரே அளவாக வைக்க அவரைப் பழக்கினார்கள். 2,000 அடி எடுத்து வைத்தால் ஒரு மைல். எண்ணுவதற்கு ஜபமாலை, அதில் 108க்குப் பதிலாக 100 மணிகள். பிரார்த்தனைச் சக்கரத்துக்குள் மந்திரச் சுருளுக்குப் பதிலாகக் குறிப்புத் தாள். இப்படி 1865-66இல் லாசா வரை நடந்து, அந்த நகரம் வரைபடத்தில் எங்கே உட்கார வேண்டும் என்று கணக்கெடுத்து வந்தார். நினைத்துப் பார்த்தால் பக்தி வேடத்தில் நடந்த உளவுதான். ஆனாலும் அந்த நடையை நான் மெச்சாமல் இருக்க முடியவில்லை.

2020 ஜூன் 15 அன்று கல்வான் பள்ளத்தாக்கில் இந்திய வீரர்கள் 20 பேர் இறந்தார்கள். ராமநாதபுரத்துக்காரரான ஹவில்தார் பழனி அதில் ஒருவர் என்பதால் தமிழ்நாட்டிலும் ஒரு வாரம் அந்தப் பெயர் எல்லார் வாயிலும் இருந்தது. கல்வான் என்பது ஓர் ஆளின் பெயர் என்பது அப்போது எத்தனை பேருக்குத் தெரிந்ததோ. குலாம் ரசூல் கல்வான், லே நகரத்துக்காரர். சிறு வயதிலேயே வெள்ளைக்காரப் பயணிகளுக்குச் சுமை தூக்கவும் வழிகாட்டவும் போனவர். இரண்டு அணு ஆயுத நாடுகள் மோதிக்கொண்ட இடத்துக்கு ஒரு சுமைகூலியின் பெயர்.

வழி தெரிந்ததும் அடுத்து கோடு. 1846இல் அமிர்தசரஸ் உடன்படிக்கையில் காஷ்மீரை ஆங்கிலேயர்கள் ஜம்மு ராஜா குலாப் சிங்குக்கு 75 லட்சம் ரூபாய்க்குக் கொடுத்தார்கள். அதோடு வருஷக் காணிக்கையாக ஒரு குதிரை, பன்னிரண்டு ஆடு, மூன்று ஜோடி சால்வை. அந்த ஆடுகள் சால்வை நூலுக்கான உயர்ந்த ரகம். மேய்ப்பவர்களைப் பற்றி உடன்படிக்கையில் பேச்சில்லை. 1865இல் ஜான்சன் என்ற அளவையாளர் போய்வந்த பிறகு, லடாக்குக்குக் கிழக்கே இருக்கும் அக்சாய் சின் காஷ்மீருக்குள் வரைந்து காட்டப்பட்டது. 1890களில் அதே பகுதியை வெளியே தள்ளி வேறொரு கோடு யோசிக்கப்பட்டது. சுதந்திர இந்தியாவின் வரைபடங்கள்கூட ஆரம்பத்தில் அங்கே எல்லை வரையறுக்கப்படவில்லை என்றுதான் காட்டின. 1954இல்தான் அழுத்தமான கோடு வந்தது. அதற்குள் சீனா அந்த வழியாக சிஞ்சியாங்கையும் திபெத்தையும் இணைத்துச் சாலை போடத் தொடங்கி, 1957இல் முடித்தேவிட்டது. சுமார் 38,000 சதுர கிலோமீட்டர் நிலத்துக்குள் ஒரு நாடு சாலை போட்டு முடித்த பிறகுதான் இன்னொரு நாடு ரோந்து அனுப்பிப் பார்த்தது.

ஆப்கானிஸ்தானின் வாகான் இன்னும் விசித்திரம். ரஷ்யப் பேரரசும் பிரிட்டிஷ் பேரரசும் உரசிக்கொள்ளக் கூடாது என்பதற்காக 1895இல் நடுவில் ஒரு நீளமான துண்டை ஒதுக்கி ஆப்கன் அமீரின் தலையில் கட்டினார்கள். அது சில இடங்களில் பதினைந்து கிலோமீட்டர் அகலம்கூட இல்லை. ஆற்றுக்கு இந்தக் கரையும் அந்தக் கரையும் ஒரே மொழி பேசும் வாக்கி மக்கள். பிற்பாடு இந்தக் கரை ஆப்கானிஸ்தான், அந்தக் கரை சோவியத் யூனியன்.

இரண்டாவது கேள்விதான் எனக்கு முக்கியம். இந்தப் பக்கம் யார் போனார்கள் என்று கேட்டு, பதில் வராவிட்டால் என்ன செய்வது?

அதற்கு ஆங்கிலேயர்கள் சட்டமே எழுதினார்கள். 1893இல் ஆப்கானிஸ்தானுக்கும் பிரிட்டிஷ் இந்தியாவுக்கும் நடுவே போட்ட டியூராண்ட் கோடு பஷ்தூன் மலைகளை இரண்டாக வெட்டியது. 1901இல் எல்லைப்புறக் குற்ற ஒழுங்குமுறை வந்தது. ஒரு கூட்டத்தில் ஒருவன் தப்பு செய்தால் அந்தக் கூட்டம் மொத்தத்தையும் பொறுப்பாக்கலாம். ஆட்களைப் பிடித்து வைக்கலாம், சொத்தைப் பறிமுதல் செய்யலாம், அபராதத்தை ஊர் மேல் போடலாம், வீட்டை இடிக்கலாம். வழக்கறிஞர் கிடையாது, மேல்முறையீடு என்று சொல்லும்படி எதுவும் கிடையாது. 1947க்குப் பிறகு பாகிஸ்தான் அதை அப்படியே வைத்துக்கொண்டது. பழங்குடிப் பகுதிகள் கைபர் பக்துன்குவா மாகாணத்தோடு இணைக்கப்பட்ட 2018 வரைக்கும் அது உயிரோடு இருந்தது.

பாகிஸ்தான் என்றதும் நமக்குத் தலையாட்டுவது சுலபம். கிழக்கே வாருங்கள். 1873இல் வங்காளக் கிழக்கு எல்லைப்புற ஒழுங்குமுறை ஒரு உள்கோட்டைப் போட்டது. அதைத் தாண்ட அனுமதிச் சீட்டு வேண்டும். இன்றைக்கும் அருணாசலப் பிரதேசம், நாகாலாந்து, மிசோரம் போக நாம் வாங்கும் சீட்டு அதன் வாரிசுதான். தேயிலைத் தோட்டத்துக்காரர்களை மலைக்குள் போகவிடாமல் தடுத்ததால் அந்தக் கோட்டுக்கு ஒரு நல்ல பக்கமும் உண்டு; மலைக்காரர்களே இன்று அதை விடமாட்டேன் என்கிறார்கள். ஆனால் 1966 மார்ச்சில் மிசோ கிளர்ச்சியின்போது ஐசால் மேல் நம்முடைய விமானப் படையே குண்டு வீசியது. அடுத்த ஆண்டு கிராமங்களைக் காலி செய்து, சாலையோரமாக வேலி போட்ட குடியிருப்புகளில் கொண்டுவந்து சேர்த்தார்கள். மலாயாவில் பிரிட்டிஷ்காரர்கள் செய்து பார்த்த முறை. கிளர்ச்சியாளர் யார், விவசாயி யார் என்று பிரித்துப் பார்க்க முடியாதபோது ஊரையே எடுத்து வைத்துவிடுவது.

சரி, இதெல்லாம் தூரத்து மலை. சேலத்தில் உட்கார்ந்துகொண்டு இதை ஏன் எழுத வேண்டும்?

சேலமே ஒரு காலத்தில் எல்லைப்புறம் என்பது முதல் காரணம். தொப்பூர்க் கணவாயும் மஞ்சவாடிக் கணவாயும் மைசூர்ப் படைகளும் கம்பெனிப் படைகளும் பார்த்துப் பார்த்து நின்ற இடங்கள். 1792இல் ஸ்ரீரங்கப்பட்டண உடன்படிக்கையில் திப்பு சுல்தான் பாராமகாலையும் (இன்றைய தருமபுரி, கிருஷ்ணகிரிப் பக்கம்) சேலத்தையும் விட்டுக்கொடுத்தார். நிர்வாகம் பார்க்க வந்தவர் கேப்டன் அலெக்சாண்டர் ரீட். அவருக்கு உதவியாளர்களில் ஒருவர் தாமஸ் மன்றோ, பிற்பாடு சென்னை மாகாண கவர்னர் ஆனவர். வந்ததும் அவர்கள் செய்த முதல் காரியம் நிலத்தை அளந்து தீர்வை போட்டது.

மலை மேல் இருந்தவர்களுக்கு வேறு கதை. சேர்வராயன் மலையின் மலையாளி மக்கள் (கேரளத்துக்காரர்கள் அல்லர், இவர்கள் பேசுவது தமிழ்) தங்கள் முன்னோர் காஞ்சிபுரத்திலிருந்து வந்ததாகச் சொல்வார்கள். பெரியண்ணன், நடுவண்ணன், சின்னண்ணன் என்று மூன்று சகோதரர்கள். சேர்வராயன் மலைக்கு ஒருவர், பச்சைமலைக்கு ஒருவர், கொல்லிமலைக்கு ஒருவர். ஏன் ஊரை விட்டார்கள் என்பதற்குச் சொல்பவரைப் பொறுத்துக் காரணம் மாறும். வரியும் படையும் தாங்காமல் சமவெளியை விட்டு ஏறியவர்கள்தான் மலைச் சமூகங்கள், அவர்களுடைய சிதறிய ஊர்களும் கிழங்குப் பயிர்களும் அரசிடம் பிடிபடாமல் இருக்கச் செய்துகொண்ட ஏற்பாடு என்று தென்கிழக்கு ஆசிய மலைகளை வைத்து அமெரிக்க அறிஞர் ஜேம்ஸ் ஸ்காட் வாதிட்டார். காஞ்சிக் கதை அதற்கு அளவெடுத்துத் தைத்த சட்டை மாதிரி இருக்கிறது.

நமக்கு இந்த யோசனை புதிதும் அல்ல. பறம்பு மலையை மூவேந்தரும் முற்றுகையிட்டபோது கபிலர் சொன்னது என்ன? உழவர் உழாமலே நான்கு விளைச்சல் உண்டு இந்த மலைக்கு: மூங்கில் நெல், பலாப்பழம், வள்ளிக்கிழங்கு, தேன். சுற்றி நின்று பட்டினி போட முடியாது என்று அர்த்தம். (பாரி கடைசியில் செத்துத்தான் போனான் என்பதையும் சேர்த்தே நினைத்துக்கொள்ள வேண்டும்.)

ஆனாலும் ஸ்காட்டின் வாதத்தை நான் முழுதாக விழுங்கவில்லை. உப்புக்கும் இரும்புக்கும் துணிக்கும் மலைக்காரர் கீழே இறங்காமல் இருந்ததே இல்லை. தேனும் கடுக்காயும் பலாவும் இறங்கின. ஓடி ஒளிந்தவர்கள் என்று மட்டும் சொன்னால், வியாபாரம் பேசி, சண்டை போட்டு, சொந்தமாக நாட்டுப் பஞ்சாயத்து நடத்திய ஆட்களைப் பாதி அழித்துவிடுகிறோம்.

1820களில் சேலம் கலெக்டராக இருந்த எம். டி. காக்பர்ன் ஏற்காட்டில் காபி வைத்தார். அதன்பிறகு மலையின் முகம் மாறியது. தோட்டம், பங்களா, தேவாலயம், கான்வென்ட் பள்ளி. 1882இல் மெட்ராஸ் வனச் சட்டம் வந்து, ரிசர்வ் என்று எழுதப்பட்ட காட்டுக்குள் மண்வெட்டியோடு போவது குற்றமாயிற்று. சரிவில் கொத்துக்காடு போட்டுச் சாமையும் தினையும் எடுத்தவர்கள் தோட்டக் கூலி ஆனார்கள். பின்னால் மேட்டூர் அலுமினிய ஆலைக்காகப் பாக்சைட் வெட்டினார்கள். இப்போது ரிசார்ட். மலை எதற்கு என்ற கேள்விக்குப் பதில் ஒவ்வொரு தலைமுறையிலும் கீழேயிருந்துதான் வந்திருக்கிறது.

எழுத வேண்டிய இரண்டாவது காரணம் வாச்சாத்தி. சேலத்திலிருந்து அரூர் போகிறவர்கள் மஞ்சவாடிக் கணவாயில் ஏறி இறங்குவார்கள். இடது பக்கம் சேர்வராயன், வலது பக்கம் சித்தேரி மலை. அந்தச் சித்தேரியின் அடிவாரத்தில், தருமபுரி மாவட்டத்தில் இருக்கிறது அந்த ஊர். மலையாளிகளின் ஊர். 1992 ஜூன் 20 அன்று வனத் துறை, காவல் துறை, வருவாய்த் துறை என்று மூன்று துறை ஆட்களும் அங்கே போனார்கள். கடத்திய சந்தனக் கட்டையைத் தேடி என்று காரணம். யார் வெட்டினார்கள், யார் வாங்கினார்கள், யார் பணம் கொடுத்தார்கள் என்று விசாரிக்கப் போகவில்லை. ஊரை ஆலமரத்தடியில் கூட்டினார்கள், அடித்தார்கள். வீடுகளை நொறுக்கினார்கள், தானியத்தைப் பாழாக்கினார்கள், கிணற்றைக் கெடுத்தார்கள். பதினெட்டுப் பெண்கள் பாலியல் வன்முறைக்கு ஆளானார்கள். பெண்களும் குழந்தைகளுமாக நூற்றுக்கு மேற்பட்டவர்களைச் சேலம் சிறைக்குக் கொண்டுவந்தார்கள்.

1901ஆம் வருஷத்துச் சட்டத்தில் இருப்பதற்கும் இதற்கும் என்ன வித்தியாசம் என்று யோசித்துப் பாருங்கள். அங்கே ஊரை மொத்தமாகத் தண்டிக்கச் சட்டம் அனுமதி கொடுத்தது. இங்கே அப்படி ஒரு சட்டம் இல்லை. பழக்கம் மட்டும் இருந்தது. எனக்குப் பயமாக இருப்பது அந்தப் பழக்கம்தான். எந்த நாட்டு எல்லையிலிருந்தும் நூற்றுக்கணக்கான கிலோமீட்டர் உள்ளே, அன்னிய ராணுவம் எதுவும் எதிரே நிற்காத இடத்தில், ஒரு பேருந்துப் பயண தூரத்தில் அது நடந்தது. எல்லைப்புறம் எங்கே இருக்கிறது என்று கேட்டால் தீர்க்கரேகையைத் தேட மாட்டேன். ஒரு ஆளைத் தேடிப் போன அரசு எந்த ஊரில் ஊரையே பிடித்துக்கொண்டு வருகிறதோ, அங்கே இருக்கிறது என்பேன்.

புகாரை எடுத்துக்கொள்ளவே ஆள் இல்லாத நிலையில் தமிழ்நாடு மலைவாழ் மக்கள் சங்கமும் மார்க்சிஸ்ட் கட்சிக்காரர்களும் பிடித்துக்கொண்டு நின்றார்கள். 1995இல் உயர் நீதிமன்றம் சிபிஐ விசாரணைக்கு உத்தரவிட்டது. குற்றம் சாட்டப்பட்டவர்கள் 269 பேர். தீர்ப்பு வந்தது 2011 செப்டம்பர் 29. அதற்குள் 54 பேர் இறந்துவிட்டார்கள். மிச்சமிருந்த 215 பேரும் குற்றவாளிகள் என்று தருமபுரி நீதிமன்றம் சொன்னது: வனத் துறை 126, காவல் துறை 84, வருவாய்த் துறை 5. சரியாகப் பன்னிரண்டு ஆண்டு கழித்து, 2023 செப்டம்பர் 29 அன்று சென்னை உயர் நீதிமன்றம் அதை உறுதி செய்தது. வன்முறை செய்தவர்களை ஒவ்வொருவராக அடையாளம் காட்ட வேண்டியிருந்தது அந்தப் பெண்களுக்கு. அவர்களை யாரும் அப்படி ஒவ்வொருவராகப் பார்க்கவில்லை.

பெரியப்பாவிடம் இதைப் பேசியபோது வெகு நேரம் பதில் சொல்லவில்லை. பிறகு, "யூனிபாரம் போட்டவனுக்கு அந்த ஊர்ல சொந்தக்காரன் ஒருத்தன் இருந்திருந்தா இது நடந்திருக்காது" என்றார். நான் அவரோடு ஒத்துப்போகவில்லை. சொந்தக்காரன் இல்லாத ஊருக்கும் பொருந்துவதற்குத்தானே சட்டம்.

மலைக்குத் தனி ஏற்பாடு வேண்டும் என்று அரசியல் சட்டம் எழுதியவர்களும் நினைத்தார்கள். ஆறாவது அட்டவணை அஸ்ஸாம், மேகாலயா, திரிபுரா, மிசோரம் மலைகளில் தன்னாட்சி மன்றங்களுக்கு நிலம், காடு பற்றிச் சட்டம் இயற்றும் உரிமை கொடுக்கிறது. லடாக் கேட்பது அதைத்தான். 2019 அக்டோபர் 31இல் சட்டமன்றம் இல்லாத யூனியன் பிரதேசமாக அதைப் பிரித்தார்கள். மக்களில் நூற்றுக்குத் தொண்ணூறு பேருக்கு மேல் பழங்குடிகள். 2024 மார்ச்சில் லடாக் செயற்பாட்டாளர் சோனம் வாங்சுக் 21 நாள் உண்ணாவிரதம் இருந்தார். 2025 செப்டம்பரில் லேயில் போராட்டம் கலவரமாகி நான்கு பேர் இறந்தார்கள். எல்லையைக் காப்பது தங்கள் பிள்ளைகளும்தான் என்று அவர்கள் சொல்லிக்கொண்டே இருக்கிறார்கள். டெல்லிக்கோ அது முதலில் எல்லை, அப்புறம்தான் ஊர்.

ஐந்தாவது அட்டவணை மற்ற பழங்குடிப் பகுதிகளுக்கானது. பத்து மாநிலங்களில் அட்டவணைப் பகுதிகள் உண்டு. தமிழ்நாட்டில் ஒன்றுகூட இல்லை. ஏற்காடும் சேந்தமங்கலமும் பழங்குடிகளுக்கு ஒதுக்கிய சட்டமன்றத் தொகுதிகள், அவ்வளவுதான். வன உரிமைச் சட்டம் 2006இல் வந்தும், நீதிமன்ற உத்தரவு ஒன்றால் இங்கே பட்டா கொடுப்பது பல ஆண்டுகள் முடங்கிக் கிடந்தது. ரோடு போடவும் வனத் துறை அனுமதி வேண்டும். 2023 மே மாதம் வேலூர் மாவட்டம் அல்லேரி மலையில் பாம்பு கடித்த ஒன்றரை வயதுக் குழந்தை, ஆஸ்பத்திரி போய்ச் சேருவதற்குள் இறந்தது. ஆம்புலன்ஸ் பாதியிலேயே நின்றுவிட, உடலை அம்மா சுமந்துகொண்டு நடந்து ஏறினார். அல்லேரிக்கு வழி எது என்று கேட்க அளவையாளர்கள் தேவையில்லை. எல்லாருக்கும் தெரிந்த வழி, தார் மட்டும் அன்றைக்கு இல்லை.

கோடு போடும் வேலை இன்னும் முடியவில்லை. தமிழ்நாட்டுப் பழங்குடிகளில் மலையாளிகள்தான் அதிகம், 2011 கணக்கெடுப்பில் மூன்றரை லட்சத்துக்கு மேல். ஆனால் பழங்குடிப் பட்டியலில் அவர்கள் பெயருக்குப் பக்கத்தில் ஒரு வரி இருக்கிறது: தருமபுரி, வடஆற்காடு, புதுக்கோட்டை, சேலம், தென்ஆற்காடு, திருச்சிராப்பள்ளி மாவட்டங்களில் மட்டும். ஈரோடு அன்றைக்குக் கோயம்புத்தூர் மாவட்டத்தில் இருந்தது, கோயம்புத்தூர் அந்த வரியில் இல்லை. அதனால் பர்கூர் மலையிலும் கடம்பூர் மலையிலும் இருக்கும் மலையாளிகள் இன்றுவரை பழங்குடிகள் அல்லர். சேலம் மாவட்டத்து மலையிலிருந்து ஒரு பெண்ணை பர்கூருக்குக் கட்டிக்கொடுத்தால், அவளுக்குச் சான்றிதழ் உண்டு. அவள் பிள்ளைக்கு அப்பா வழியில்தான் சாதி என்பதால் கிடையாது. கல்லூரி விண்ணப்பம் நிரப்பும் மாதத்தில் அந்த வீடுகளில் இதே பேச்சுதான். திருத்தம் பெரிய வேலையும் இல்லை. அரசியல் சட்டத்தின் 342ஆம் பிரிவின்படி நாடாளுமன்றம் ஒரு சட்டம் போட்டால் போதும். நரிக்குறவர்களைச் சேர்க்க அப்படி ஒரு சட்டம் 2023இல் நடைமுறைக்கு வந்தது. பர்கூருக்கும் கடம்பூருக்கும் வேண்டியது பட்டியலில் இன்னொரு மாவட்டத்தின் பெயர்.